‘சகோதரயா’ என்றொரு சொல்

செப். 15, திங்கள்

விடிந்ததில் இருந்து தூறல். பால்கனியில் காயப்போட்ட இவருடைய வெள்ளைச் சேட் இரண்டும் திரும்ப நனைந்து போயின. அயன் பண்ணியே காயவைத்தேன். ஒன்றின் கைப்பக்கம் கொஞ்சம் கருகிவிட்டது. சொல்லவில்லை. கோட்டுக்குள் மறைந்துவிடும்.

வாங்க: பாண், தேங்காய், இவருடைய பிரஷர் குளிசை, குசினிக்கு பல்ப்.

லிஃப்டில் நாலாம் மாடி மாமி. "எம்.பி. ஐயா சுகமோ?" இவர், "இப்ப எம்.பி. இல்லீங்க மாமி, ஆணைக்குழு." மாமி விடவில்லை. "அது பெரிசோ, இது பெரிசோ?" இவர் கீழ்மாடிப் பட்டனைத் திரும்ப அழுத்தினார். எனக்கும் சரியாகத் தெரியாது. அரசாங்கக் கந்தோர்களில் அநியாயம் நடந்தது என்று சனம் முறைப்பாடு தந்தால், இரண்டு பக்கத்தையும் கூப்பிட்டு விசாரித்து, யாரில் பிழை என்று எழுதுவது. அதுதான் வேலை. மூன்று அங்கத்தவர்கள், இவர் தலைவர். பதவிக்கு வந்து இன்னும் மூன்று மாதம் முடியவில்லை.

இவருடைய உத்தியோகங்கள், நான் அறிந்த வரை:
துறைமுகத்தில் கிளார்க்.
தொழிற்சங்கக் கிளைச் செயலாளர். (கல்யாணம் இந்தக் காலத்தில். என் வீட்டில் இருந்து ஒருவரும் வரவில்லை.)
ஸ்ட்ரைக். வேலை போனது. சும்மா.
சங்கத்தின் பொதுச் செயலாளர்.
எம்.பி., இரண்டு தவணை.
தோல்வி. வீட்டில் இருந்து என் சமையலைக் கண்காணித்தார்.
இப்போது அரசாங்கத்தைக் கண்காணிக்கிறார். என் சமையல் தப்பியது.

புதன்கிழமை விசாரணை. குணேயின் விஷயம். இரண்டு நாளாக மனிசனுக்கு நித்திரை இல்லை. கேட்டால் "வயித்துல காஸ் மங்கை" என்கிறார்.

செப். 16, செவ்வாய்

மழை இல்லை, புழுக்கம். செவ்வாய் என்றால் இவர் கொச்சிக்கடைக் கோயிலுக்குப் போக வேண்டும். கும்பிட இல்லையாம், பழைய துறைமுக ஆட்களைப் பார்க்கவாம். பொக்கெட்டில் மெழுகுதிரி இருந்ததை நான் கண்டேன். இவ்வளவு காலமும் இடதுசாரி. போலீசுக்கு ஒளிக்காத மனிசன் மெழுகுதிரியை எனக்கு ஒளிக்கிறார்.

குணே விஷயம் மனதில் கிடந்து குடைகிறது. எழுதினால் கொஞ்சம் குறையும்.

குணே என்றால் குணபால. சிங்களவர், களனிக்காரர். துறைமுகக் கந்தோரில் இவருக்குப் பக்கத்து மேசை. சங்கம் வந்த பிறகு, தமிழ் ஆட்களுக்கு இவர் பேசுவார், சிங்கள ஆட்களுக்குக் குணே பேசுவார். மெகாபோன் ஒன்றுதான், மாறி மாறிப் பிடிப்பார்கள். எண்பத்து மூன்று ஜூலைக் கலவரத்தில் எங்களைக் களனிக்குக் கூட்டிக்கொண்டுபோய்த் தன் வீட்டு உள்ளறையில் வைத்திருந்தவர் அவர். அவருடைய மனைவி சோமா அக்கா சிங்களப் பெண்கள் கட்டும் தன் சீத்தைத் துணியை எனக்கு உடுத்திவிட்டு, கேட்ட எல்லோருக்கும் தங்கச்சி என்று சொன்னார். இன்றைக்கும் என்னை "நங்கி" என்றுதான் கூப்பிடுவார். சிங்களத்தில் தங்கச்சி.

இப்போது குணே ஓர் அரசாங்கக் களஞ்சியக் கூட்டுத்தாபனத்துக்குத் தலைவர். பேலியகொடையில் அவர்களுடைய பெரிய ஸ்டோர். அங்கே பருப்பும் மிளகாயும் புடைக்கிற பெண்களின் கக்கூசைப் பூட்டி, திறப்பை சுப்பவைசர் வைத்துக்கொண்டானாம். அவசரம் என்றால் அவனிடம் போய்க் கேட்டு நிற்க வேண்டும். கொட்டாஞ்சேனைப் பெண் ஒருத்தி, பெயர் புஷ்பராணி, ஒரு நாள் பூட்டை உடைத்துவிட்டாள். வேலையால் நிறுத்திவிட்டார்கள். நிறுத்திய கடிதத்தில் குணேயின் கையெழுத்து. பேப்பரில் வந்த அளவுதான் எனக்குத் தெரியும். இவர் வீட்டில் பைல்களைப் பற்றி வாய் திறக்க மாட்டார்.

மீன்காரன் இன்று பாரை என்று சொல்லி வேறு எதையோ தந்துவிட்டான். அவன் மேல் ஒரு முறைப்பாடு போட வேண்டும்.

செப். 17, புதன்

பின்னேரம்தான் வந்தார். சப்பாத்தைக் கழற்றாமல் கதிரையில் இருந்தார்.

"எப்பிடி?"

"தொடங்கிருக்கு."

"குணே வந்தவரோ?"

"வந்தான். மெலிஞ்சிட்டான்."

அவ்வளவுதான். பிளேன்டீ கொடுத்தேன். குடிக்கும்போது ஏதோ சொன்னார், ரயில் போன சத்தத்தில் எனக்குக் கேட்கவில்லை. திரும்பச் சொல்லவும் இல்லை. கடற்கரை ரயிலுக்கு மேலால் குரல் எடுக்கக்கூடிய மனிசன் இவர். இந்த வீட்டுக்கு வந்த புதிதில் பக்கத்து வீட்டார் சண்டை என்று நினைத்து எட்டிப் பார்ப்பார்கள். இன்றைக்கு அந்தக் குரலைக் காணோம்.

சேட்டின் கருகிய கையை ஒருவரும் காணவில்லை.

செப். 18, வியாழன்

காலையில் பேப்பர். முன்பக்கத்தில் கொட்டை எழுத்து: ‘தம்பியை விசாரிக்கும் அண்ணன்’. கீழே இவருடைய படமும் குணேயின் படமும் பக்கத்தில் பக்கத்தில்.

நடந்தது இதுதான். நேற்றுக் குணே உள்ளே வந்து நின்றிருக்கிறார். இவர் பழக்கதோஷத்தில், "வாடி வென்ன, சகோதரயா" என்றிருக்கிறார். ‘உட்காருங்கள், தோழர்’ என்று அர்த்தம். சங்கத்தில் தமிழ் ஆள் என்றால் தோழர், சிங்கள ஆள் என்றால் சகோதரயா. வாழ்நாள் முழுக்க ஒரு நாளைக்கு நூறு தரம் சொன்ன சொல். ஆனால் சங்கத்துக்கு வெளியே சகோதரயா என்றால் சிங்களத்திலும் கூடப் பிறந்தவன்தான். ஆணைக்குழு மொழிபெயர்ப்பாளர் பிள்ளை வேலைக்குப் புதிது. காதில் மாட்டும் கருவியில் "அமருங்கள், சகோதரரே" என்று தமிழில் சொல்லிவிட்டது. அந்தப் பக்கம் கருவியோடு இருந்தது புஷ்பராணி. இடைவேளையில் வெளியே போய் நிருபர்களிடம், "நாயம் சொல்ல உக்காந்திருக்கிறவரு அந்தாளோட அண்ணன்" என்று அழுதிருக்கிறாள்.

போன் ஓயவில்லை. யாழ்ப்பாணத்தில் இருந்து சின்னண்ணா. கல்யாணத்துக்கு வராதவர், இதற்கு முதல் ஆளாய் எடுக்கிறார். "மங்கை, மாப்பிள்ளைக்குச் சிங்களத் தம்பி ஒருத்தர் இருக்கிறாராம். எங்களுக்கு ஒருத்தரும் சொல்லேல்லையே?"

லிஃப்டில் மாமி: "எண்டாலும் முகச்சாயல் இருக்குத்தான்."

இருவருக்கும் மீசை இருக்கிறது. வேறு சாயல் இல்லை.

நான் சிரித்துவிட்டேன். இவரும் சிரித்தார். வயிறு குலுங்கச் சிரித்துவிட்டு, சட்டென்று நிறுத்திக்கொண்டார். ஆணைக்குழுக் கந்தோரில் இருந்து போன். மொழிபெயர்ப்புப் பிழை என்று ஓர் அறிக்கை விட்டால் சரியாம். இவர் கதைத்தது எனக்குக் கேட்டது. "அந்தப் பிள்ளை மேல போடாதீங்க. நான் சொன்னதத்தான் அது சொல்லிச்சி. சொல்லக் கூடாதத சொன்னது நான்."

பிறகு தானே எழுதுவோம் என்று பேனையை எடுத்தார். "என்னான்னு எழுதுறது? தம்பி இல்ல, தோழர்ன்னா?"

"அதுதானே உண்மை."

"அது இன்னும் கிட்ட, மங்கை."

பேனையை மூடி வைத்தார். சரிதான். இவருடைய கூடப் பிறந்த தம்பி வத்தளையில் இருக்கிறார். வருடத்தில் ஒரு தரம், நத்தார்ப் பண்டிகைக்குப் பார்ப்பதோடு சரி.

செப். 19, வெள்ளி

வெயில், பிறகு இடி. மாவு இடிக்கக் கொடுக்க வேண்டும். மறந்துபோனேன்.

பத்து மணி போல மணி அடித்தது. வாசலில் ஒரு பெண், கையில் குடை, முப்பத்தைந்து இருக்கும். பேப்பரின் உள்பக்கப் படத்தில் கண்ட முகம். புஷ்பராணி. இவர் குளித்துக்கொண்டிருந்தார்.

"ஐயா இருக்காங்களாம்மா?"

"இருக்கிறார். ஆனா விசாரணை முடியும்வரைக்கும் உங்களோட கதைக்க ஏலாது, பிள்ளை."

"தெரியும்மா. நான் உள்ள வரல. ஒண்ணே ஒண்ணு கேட்டுட்டுப் போயிர்றேன். அவரு ஐயாவோட தம்பியா?"

"இல்லை."

"பேப்பர்ல போட்டிருக்கே."

பாவமாக இருந்தது. நல்லது செய்வதாக நினைத்துக்கொண்டு முழுக்கதையும் சொன்னேன். சங்கம், ஒற்றை மெகாபோன், ‘சகோதரயா’ என்றால் தோழர், ஒரு ஸ்ட்ரைக்கில் இருவரும் ஒரே நாளில் வேலை இழந்தது. சொல்லச் சொல்ல அவளுடைய முகம் சுருங்கிப் போனது. தம்பி என்றபோது இருந்த கோபம்கூட இப்போது இல்லை.

"அப்ப எனக்கு அங்க யாரும்மா இருக்கா?" என்றாள்.

தண்ணீர் கொடுத்தேன், வேண்டாம் என்று படியால் இறங்கிப் போனாள். லிஃப்டுக்கும் நிற்கவில்லை.

இவர் வெளியே வந்ததும் சொன்னேன். நல்ல ஏச்சு வாங்கினேன். "வாசல்ல வச்சி ஒரு வார்த்த பேசக் கூடாது. இதையும் இப்ப நான் அங்க சொல்லணும்." சொந்தப் பெண்சாதியையும் கண்காணிக்கிறார். ஏச்சு முடிந்ததும் தானே போய்த் தேத்தண்ணி போட்டுக்கொண்டு வந்து தந்தார். சீனி கூட.

விலகிவிடலாமா என்று யோசிக்கிறார். விலகினால் பைல் இரண்டாவது அங்கத்தவரிடம் போகும். பெயர் எழுத மாட்டேன். நல்ல மனிதர்தான், சிரித்த முகம், எல்லோருக்கும் வேண்டியவர். அவர் மேசைக்குப் போன பைல் எதுவும் இதுவரை எழும்பி நடக்கவில்லை. விலகாவிட்டால், குணேக்குச் சாதகமாக எழுதினால் தோழனைக் காப்பாற்றினான் என்பார்கள். பாதகமாக எழுதினால் சோறு போட்டவனைக் காட்டிக்கொடுத்தான் என்பார்கள். எழுபதை எட்டும் வயதில் இந்த மனிசனுக்கு இது தேவையா.

செப். 21, ஞாயிறு

களனியில் சோமா அக்காவுடைய அம்மாவின் வருடத் தானம், எங்கள் திவசம் மாதிரி. ஒவ்வொரு வருடமும் இருவரும் போவோம். இவர் சேட்டைக் கையில் எடுத்தார், பிறகு மடித்து வைத்தார். "நான் வரக் கூடாது. நீ போ. நீ ஆணைக்குழு இல்ல."

கோட்டைக்குப் போய் இன்னொரு பஸ். தனியே போவது இதுதான் முதல் தடவை. ஜன்னல் பக்கம் இருந்த அம்மா தன் மகளிடம் போனில் சிங்களத்தில், "அவன் வந்தால் வரட்டும், வராவிட்டால் பலாக்காயை நீயே வெட்டு" என்று களனி வரைக்கும் அதையே சொல்லிக்கொண்டு வந்தார்.

கேற்றடியில் குணே. என்னைக் கண்டதும் கும்பிட்டார். எனக்குப் பின்னால் பார்த்தார், ஒருவரும் இல்லை. செபா எங்கே என்று இவரைப் பற்றிக் கேட்கவில்லை. பூங்கன்றுகளுக்குத் தண்ணீர் விடப் போய்விட்டார். மழை பெய்த மண்ணுக்கு என்ன தண்ணீர்.

பிக்குமார் சாப்பிட்டுப் போன பிறகு, பின்னால் பாத்திரம் கழுவும் இடத்தில் அக்காவும் நானும். அக்கா தேய்த்தார், நான் அலசினேன். வழக்கமாக அக்கா பேச்சை நிறுத்த மாட்டார். இன்றைக்குப் பெரிய சட்டியை இரண்டு தரம் தேய்த்தார். பிறகு சிங்களத்தில் மெல்லக் கேட்டார். "நங்கி, செபா இதில் இருந்து விலகிக்கொள்ளலாம் தானே? மரியாதையும் கெடாது, ஒருவருக்கும் மனக்கசப்பும் வராது. லோயரும் அப்படித்தான் சொல்கிறார்."

சரியாகத்தான் சொல்கிறார். நானும் அதைத்தான் விரும்பினேன். ஆனால் அலசிக்கொண்டு நிற்கும்போது ஒன்று நினைத்தேன். எங்களை இந்த வீட்டில் வைத்திருந்த நாட்களில், உனக்கேன் வம்பு, விலகிக்கொள் என்று குணேக்கும் எத்தனை பேர் சொல்லியிருப்பார்கள். அக்காவிடம் இதைச் சொல்லவில்லை. "சொல்லிப் பார்க்கிறேன் அக்கே" என்றேன். வாழைப்பழமும் கிரிபத் என்கிற பால்சோறும் கட்டித் தந்தார். இவருக்கென்று லுணுமிரிஸ், அந்த மிளகாய்ச் சம்பல், தனியாக.

வீட்டுக்கு வந்து சொல்லியே விட்டேன். "இஞ்சேருங்கோ, விலகுங்கோ. எனக்குச் சோமா அக்கா வேணும்."

இவர் லுணுமிரிஸ் பொட்டலத்தைப் பார்த்துக்கொண்டு இருந்தார். "எனக்கும் குணே வேணும் மங்கை," என்றார்.

விலகுகிறேன் என்று சொல்லவில்லை. விலக மாட்டேன் என்றும் சொல்லவில்லை.

செப். 24, புதன்

விசாரணைக்கு நானும் போனேன். பொதுசனம் வரலாம்தானே. கடைசி வரிசை. ஏசி குளிர், தலைப்பால் போர்த்திக்கொண்டேன். பக்கத்தில் இரண்டு கிழவர்கள். ஒருவர் மற்றவரிடம், "பார்த்துக்கொண்டு இரும், இண்டைக்கு ஆள் கழண்டிடுவார்."

இவர் வந்து இருந்தார். தண்ணீர் குடித்தார். மொழிபெயர்ப்பாளர் பிள்ளைக்கு, ‘கொஞ்சம் பொறு’ என்று கையால் காட்டினார். பிறகு தானே தமிழில் பேசினார், தானே சிங்களத்தில் திரும்பச் சொன்னார். தாள் பார்க்கவில்லை. நினைவில் உள்ளதை எழுதுகிறேன்.

"இவரு என் தம்பி இல்ல. அதுக்கும் மேல. என் தோழர். எங்க ரெண்டு பேரோட உசிரையும் காப்பாத்தினவரு. போன வெள்ளிக்கிழமை இந்தம்மா என் வீட்டு வாசலுக்கு வந்தாங்க, என் மனைவி நின்னு பேசினாங்க. ஞாயித்துக்கிழமை இவரு வீட்டுத் தானத்துக்கும் போனாங்க. மறைக்க ஒண்ணும் இல்ல. நான் இருக்கவா, எந்திரிச்சிப் போகவா? முறைப்பாடு தந்தவங்க மொதல்ல சொல்லுங்க."

சனம் முழுக்கத் திரும்பி என்னைப் பார்த்தது. கதிரைக்குக் கீழே போய்விடலாம் போல இருந்தது. கிழவர் இரண்டு பேரும் என்னை விட்டுச் சற்றுத் தள்ளிப் போய் இருந்தார்கள்.

புஷ்பராணி எழும்பினாள். "வேற ஆளு வந்தா, அவருக்கு யாரு தோழர்னு எனக்கு எப்பிடிங்க தெரியும்? நீங்க சொல்லிட்டீங்க. நீங்களே இருங்க."

குணேயின் லோயர் ஆட்சேபிக்க எழும்பினார். குணே அவருடைய கோட்டைப் பிடித்து இருத்தினார். தனக்கு ஆட்சேபனை இல்லை என்றார். அந்த நேரம் புஷ்பராணியையும் குணேயையும் கட்டிப்பிடிக்க வேண்டும் போல எனக்கு.

பிறகு கேள்விகள். இவர் குரலை உயர்த்தவில்லை. பூட்டுப் போட்டது உங்களுக்குத் தெரியுமா? லோயர் காதில் ஏதோ சொன்னார். குணே கேட்காமல், "தெரியும்," என்றார். "பொடி தெயக் என்று நினைத்தேன்." சின்ன விஷயம். பிள்ளை சரியாக மொழிபெயர்த்தது.

இவருடைய பேனை அப்படியே நின்றுவிட்டது. ஏன் என்று எனக்குத் தெரியும், குணேக்கும் தெரியும். இவர்கள் சேர்ந்து செய்த முதல் போராட்டம் துறைமுகக் கொட்டகை ஆட்களுக்குக் குடிதண்ணீர்க் குழாய் கேட்டு. மேலதிகாரி சின்ன விஷயம் என்று சிரித்தாராம். யாருக்குச் சின்னது என்று மெகாபோனில் கேட்டது குணே. இருவரும் மாறி மாறிச் சொல்லி எனக்கே மனப்பாடமான கதை. இவர் அதை அங்கே எடுக்கவில்லை. எடுத்திருந்தால் கைதட்டல் கிடைத்திருக்கும். அடுத்த கேள்விக்குப் போனார். இந்த மனிசனைக் கட்டுவதற்கு என் வீட்டாரை விட்டுவிட்டு வந்தேன். பிழையான கணக்கு இல்லை.

செப். 29, திங்கள்

எழுதுகிறார். இரண்டு நாளாக எழுதுகிறார். அறைக் கதவு சாத்தி. சிங்களப் பிரதியையும் தானே பார்க்கிறாராம்.

புது பல்ப் போட்டாயிற்று. இடித்த மாவு நல்ல மாவு. பிட்டு வைத்தேன், சத்தம் இல்லாமல் கதவடியில் கொண்டுபோய் வைத்தேன். தட்டு காலியாக வெளியே வந்தது. சந்தோஷம்.

ஒக். 3, வெள்ளி

தீர்ப்பு வெளியானது. புஷ்பராணிக்குத் திரும்ப வேலை. பூட்டு இனி இருக்கக் கூடாது. பிழை சுப்பவைசரோடு நிற்கவில்லை, தெரிந்தும் சும்மா இருந்த தலைவரிலும்தான் என்று பெயர் சொல்லி எழுதியிருக்கிறார். பாராளுமன்றத்துக்கும் ஒரு பிரதி. குணேயின் பதவி இனி நிற்காது என்று எல்லோரும் சொல்கிறார்கள்.

லிஃப்டில் மாமி: "தம்பியெண்டும் பாக்கேல்லை, பாத்தியளே." நான் திருத்தவில்லை.

பின்னேரம் குணே போன் எடுத்தார். இவர் எழும்பி நின்றுதான் கதைத்தார். கதைத்தது எங்கே, கேட்டுக்கொண்டு நின்றார். ஒரு நிமிஷம் இருக்காது. வைத்துவிட்டார்.

"என்னவாம்?"

"பிரதி கெடைச்சதாம். அப்பீல்னு மேல எங்கயும் போக மாட்டானாம்."

"அது நல்லதுதானே?"

"‘கொமிஷனர் மஹத்தயா’ன்னு கூப்பிட்டான், மங்கை."

மஹத்தயா என்றால் ஐயா. கந்தோர்களில் பியோன் துரைக்குச் சொல்வது. முதலில் எனக்கு விளங்கவில்லை. விளங்கியதும் பக்கத்தில் போய் இருந்து கையைப் பிடித்துக்கொண்டேன். மேசையில் இடியப்பம், சொதி, இவருக்குப் பிடித்த கத்தரிக்காய்ப் பொரியல். தொடவில்லை. நான் வற்புறுத்தவும் இல்லை. மூடி வைத்தேன்.

ஒக். 4, சனி

நல்ல வெயில். கருகிய சேட்டை ஒரு வழியாகக் கண்டுபிடித்துவிட்டார். ஏசவில்லை. ஏசியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

காலைச் சாப்பாடும் வேண்டாம் என்றார். பால்கனியில் கடலைப் பார்த்துக்கொண்டு இருக்கிறார்.

மத்தியானம் போன். சோமா அக்காவின் பெயர் விழுந்தது. எடுக்காமல் விடுவோமா என்றும் யோசித்தேன். ஏச்சு என்றால் வாங்கிக்கொள்வோம் என்று எடுத்தேன்.

அந்தப் பக்கம் ஒன்றும் இல்லை. மூச்சு மட்டும்.

"நங்கி," என்றார்.

எனக்கு அழுகை வந்துவிட்டது.

"செபா கேவாத?" சாப்பிட்டாரா என்று கேட்கிறார்.

"நே, அக்கே."

"அப்பே எக்கெனத் நே," என்றார் அக்கா. எங்கட ஆளும் சாப்பிடவில்லை.